கைபடாக் கட்டணம்

சகடநாட்டில் ஒரு ராஜா இருந்தார். ராஜா இருந்ததால் குடிகளும் இருந்தாக வேண்டியிருந்தது. மேடும் பள்ளமுமான தேசம் அது. தலைச்சுமையாகத் தூக்கினால் பாதி வழியிலேயே கழுத்து விட்டுப்போகும். அதனால் எதற்கும் வண்டிதான். உப்புக்கு வண்டி, விறகுக்கு வண்டி, கல்யாணத்துக்கு வண்டி, கடைசிப் பயணத்துக்கும் வண்டி. ஒவ்வொரு சக்கரத்தின் நடுவிலுள்ள குடத்திலும் வருஷத்துக்கொரு முறை சூட்டுக்கம்பியால் அரசு முத்திரை பதிப்பார்கள். முத்திரை இல்லாத சக்கரம் ராஜபாட்டையில் உருளக்கூடாது. இதைக் கவனிக்கச் சகடத்துறை என்று ஓர் இலாகா. அந்த இலாகாவுக்கு ஒரு கட்டடம், கட்டடத்துக்கு ஒரு ஜன்னல், ஜன்னலுக்குள் ஒரு கை.

அந்தக் கைக்குச் சொந்தமான முகத்தை யாரும் பார்த்ததில்லை. கட்டணத்தை வைத்தால் கை அசையாது. அதற்கு மேல் கொஞ்சம் வைத்தால் அசையும். மேல்காசு வைக்காதவர்களுடைய முத்திரைக் கம்பி அடுப்பில் எவ்வளவு நேரம் கிடந்தாலும் சூடாகாது. அது என்ன இரும்போ தெரியாது.

சாயக்காரத் தெருவுக்குத் தண்ணீர் வண்டி ஓட்டிய செவந்தி மட்டும் மேல்காசு வைத்ததே இல்லை. வைக்க இல்லாமல் அல்ல, மனம் வராமல். சாயக்காரத் தெருக் கிணறெல்லாம் உவர்ப்பு. மேட்டுச் சுனையிலிருந்து அவள் பீப்பாயில் கொண்டுவரும் தண்ணீரில்தான் அந்தத் தெரு சோறு வடித்தது. அவளுடைய ஒற்றை மாட்டுக்கு மயிலை என்று பெயர். பிறந்த அன்றே தாயைப் பறிகொடுத்த கன்று. துணித்திரியைக் கஞ்சியில் நனைத்து ஊட்டி வளர்த்தவள் செவந்தி. மனிதர்களோடு அதிகம் பேசாதவள் மயிலையோடு வழியெல்லாம் பேசிக்கொண்டே போவாள். கம்பி சூடாகும்வரை சகடத்துறை வாசலில் இரண்டுபேரும் பொறுமையாக நிற்பார்கள்.

சகடநாட்டில் ராஜாவைக் குடிகளே தேர்ந்தெடுப்பார்கள். அது பழைய வழக்கம். தேர்ந்தெடுத்த பிறகு என்ன செய்வது என்பதற்குத்தான் வழக்கம் எதுவும் இல்லை. அந்த முறை போட்டியிட்டவர்களில் ஒருவர் மேடையேறி, "ஜன்னலுக்குள் இருக்கும் கையை ஒழிப்பேன்!" என்றார். இப்படி ஒரு வார்த்தையை அந்த நாட்டில் அதுவரை யாரும் சொன்னதில்லை. செவந்தி கண்கலங்கிக் கைதட்டினாள். அவரே ராஜாவானார்.

சொன்னதைச் செய்யவும் செய்தார். ஊரூராகப் பறை முழங்கியது. "இன்று முதல் அரசுக்குச் செலுத்தும் பணத்தில் மனிதக் கை படலாகாது. கட்டணம் புறாவின் வழியே பொக்கிஷத்துக்குப் பறக்கும். புறாவுக்குக் கை இல்லை. கை இல்லாத இடத்தில் லஞ்சம் இல்லை." இதில் குற்றம் கண்டுபிடிக்க யாராலும் முடியவில்லை. ஜன்னலைச் செங்கல் வைத்து அடைத்தார்கள். அடைத்த அன்று மக்கள் அதற்குச் சந்தனம் பூசி மாலை போட்டார்கள்.

புறா வளர்க்கும் ஒப்பந்தத்துக்கு மூன்று நிபந்தனைகள் விதிக்கப்பட்டன. மூன்றும் கார்மேகனார் என்ற ஒருவருக்கே பொருந்தின. மூன்றாவது நிபந்தனை, தலைமை அமைச்சர் நுண்மதியாருக்கு மைத்துனராக இருக்க வேண்டும் என்பது.

முறை எளிமையானது. கார்மேகனார் வளர்த்த புறாக்கள் கூடைகூடையாகச் சகடத்துறை முற்றத்துக்கு வரும். வண்டிக்காரர் ஒரு புறாவை வாங்கி, காலில் கட்டணத்தைக் கட்டிப் பறக்கவிட வேண்டும். பொக்கிஷம் வடக்கே தலைநகரில் இருந்தது. பணம் போய்ச் சேர்ந்ததும் அங்கிருந்து குதிரைவீரன் ரசீது கொண்டுவருவான். ரசீது வந்தால் முத்திரை.

செம்புக்காசைப் புறாவால் தூக்க முடியவில்லை என்று முதல் வாரமே தெரிந்தது. ஆகவே மக்களின் வசதிக்காக, கட்டணம் பொன்னாகவே இருக்க வேண்டும் என்று ஆணை வந்தது. பறக்கும் புறாவுக்குப் பசிக்கும் என்பதால் இரைக்கட்டணம் சேர்ந்தது. அதற்கு வசதிக் கட்டணம் என்று பெயர் வைத்தார்கள். யாருடைய வசதி என்று ஆணையில் இல்லை.

செவந்தி தன் மூக்குத்தியைத் தட்டானிடம் கொடுத்துத் துண்டாக்கி வாங்கி வந்தாள். முதல் துண்டைக் கட்டிப் புறாவை விட்டாள். அது ஒரு வட்டம் அடித்துக் கூரைக்குப் பின்னால் மறைந்தது. ரசீது வரவில்லை. காத்துப் பார்த்துவிட்டு, சகடத்துறை மேற்பார்வையாளர் சிற்றம்பலவாணரிடம் போனாள்.

"ஐயா, அமாவாசைக்கு முன்னாடியே புறா விட்டேனுங்க. இன்னும் ரசீது வரலீங்க."

சிற்றம்பலவாணர் கண்களை மூடித் திறந்தார். "அம்மையே, தங்கள் தரப்பிலிருந்து பணம் புறப்பட்டுவிட்டதா?"

"புறப்பட்டுதுங்க."

"பொக்கிஷத்தின் தரப்பில் வந்து சேரவில்லை. அப்படியானால் தங்கள் பணம் தொலையவில்லை. வானத்தில் இருக்கிறது."

"வானத்துல எங்கீங்க?"

"இலாகாவின் அதிகாரம் நிலத்துக்கு மட்டுமே உட்பட்டது. தாங்கள் மறுபடியும் செலுத்துங்கள். முந்தையது தானாகவே திரும்பிவிடும்."

"எப்பங்க திரும்பும்?"

"திரும்பும்போது."

இவ்வளவு மரியாதையாக அந்தக் கட்டடத்தில் அவளிடம் யாரும் பேசியதில்லை. அதற்காகவே வணங்கிவிட்டு வந்து, மூக்குத்தியின் இரண்டாவது துண்டையும் அனுப்பினாள். அதுவும் வானத்துக்கே போயிற்று. முறையிடலாம் என்றால் முறையீடும் புறா வழியேதான் போக வேண்டும். அதற்கும் கட்டணம் உண்டு.

இதற்குள் முத்திரைக் கெடு முடிந்துவிட்டது. சுனையிலிருந்து திரும்பும் வழியில் காவலர்கள் வண்டியை மறித்தார்கள். பீப்பாயைப் பாட்டையிலேயே கவிழ்த்துவிட்டு மயிலையை அரசுப் பட்டியில் அடைத்தார்கள். அடுத்த பௌர்ணமிக்குள் ரசீது காட்டாவிட்டால் மாடும் வண்டியும் ஏலம். அதுவரை மாடு தின்னும் வைக்கோலுக்கும் புறாவில் கட்ட வேண்டும்.

குடத்தைத் தலையில் வைத்துச் சாயக்காரத் தெருவுக்குத் தண்ணீர் சுமந்தாள் செவந்தி. போகும்போதும் வரும்போதும் பட்டியின் வேலியிடுக்கில் ஒரு பிடி அறுகம்புல்லை நீட்டுவாள். மயிலை புல்லை விட்டுவிட்டு அவள் மணிக்கட்டை நக்கும். விலா எலும்பு வெளியே தெரிய ஆரம்பித்திருந்தது. பெற்ற பிள்ளையைச் சிறையில் பார்த்துவிட்டு வருகிறவளைப்போலத்தான் வீடு திரும்புவாள்.

மூன்றாவது முறை அவளிடம் எஞ்சியிருந்தது தாலியில் கோத்திருந்த ஒரு குண்டுமணிப் பொன். அதைக் கட்டிவிட்டபோது, இந்த முறை மாட்டைப் பிடித்துக்கொண்டு நிற்கும் வேலை இல்லாததால், முற்றத்தின் நடுவில் போய் நின்று அண்ணாந்து பார்த்தாள். பொக்கிஷம் இருப்பது வடக்கே. புறா போனது தெற்கே. அடுத்தவன் விட்டதும் தெற்கே போயிற்று, அதற்கடுத்ததும். செவந்தி தெற்கே நடந்தாள்.

ஊருக்கு வெளியே ஒரு மாளிகை. கூரை தெரியாமல் புறா. வாசல் காவலாளி நல்ல மனிதன். வெயிலில் வந்தவளுக்கு முதலில் மோர் கொடுத்தான்.

"இது யாரு வீடுங்க?"

"கார்மேகனார் வீடும்மா."

"சகடத்துறைப் புறாவெல்லாம் இங்க வருதுங்களே?"

"வேற எங்கம்மா போகும்? இங்க பொரிச்ச குஞ்சுங்க. தீனி தின்னு வளந்ததும் இங்கதான். எங்கய்யா ஒண்ணைக்கூடக் கூப்பிடறதில்ல. அதுங்களா வருது, பாவம்."

செவந்தி வந்த வேகத்திலேயே திரும்பிப் போய்ச் சிற்றம்பலவாணர் முன்னால் நின்றாள். மூச்சு வாங்கச் சொல்லி முடித்தாள். அவர் திடுக்கிடவில்லை. "புறா தான் தின்ற வீட்டுக்கே திரும்பும் என்பது பால்குடிக்கும் பிள்ளைக்கும் தெரிந்த செய்தி" என்றார்.

"தெரிஞ்சுமா ஐயா எங்களை அனுப்பச் சொன்னீங்க?"

"எனக்குத் தெரியும். இலாகாவுக்குத் தெரியாது. யாரும் மனு கொடுக்கவில்லையே."

செய்தி பரவியது. சாயக்காரத் தெரு முழுக்கக் கறை படிந்த கைகளோடு சகடத்துறை வாசலில் வந்து உட்கார்ந்துவிட்டது. மற்ற வண்டிக்காரர்களும் வந்தார்கள். அமைச்சரவை அவசரமாகக் கூடியது. நுண்மதியார் எழுந்து, நாடு நெடுங்காலம் மேற்கோள் காட்டப்போகும் ஓர் உரையை நிகழ்த்தினார். "புறாவைத் திருத்த நம்மால் ஆகாது. அது இயற்கை. ஆனால் பொக்கிஷம் நம்முடையது. அதைத் திருத்தலாம். புறா எங்கே இறங்குகிறதோ அதுவே இனிப் பொக்கிஷம்!"

பொக்கிஷம் கார்மேகனார் வீட்டுக்குக் குடிபெயர்ந்தது. அவர் பெருந்தன்மையாக வாடகை மட்டும் வாங்கிக்கொண்டார். மறுநாள் முதல் புறா விட்டவர்களுக்கெல்லாம் ரசீது வந்தது. தெருவில் வெடி போட்டார்கள். செவந்தி புதுக் கயிறு ஒன்றைத் தோளில் போட்டுக்கொண்டு சகடத்துறைக்கு ஓடினாள். அன்றைக்கு அவள் பட்ட சந்தோஷத்தை மூக்குத்தி போட்டுக்கொண்ட நாளில்கூடப் பட்டதில்லை.

"ஐயா, என்னோட மூணு புறாவும் பொக்கிஷத்துலதானுங்க இருக்கு. மாட்டை அவுத்து விடச் சொல்லுங்க."

சிற்றம்பலவாணர் எழுந்து நின்றார். கெட்ட செய்தியை உட்கார்ந்தபடி சொல்வது அவர் வழக்கமல்ல. "அம்மையே, தாங்கள் அனுப்பிய நாட்களில் அது பொக்கிஷம் அன்று. தனியார் ஒருவரின் இல்லம். அதிலும் தலைமை அமைச்சரின் மைத்துனர் இல்லம். அரசாங்கக் காரியம் முடிய வேண்டி அமைச்சரின் உறவினர் வீட்டுக்குப் பொன் அனுப்புவதற்குச் சட்டத்தில் ஒரு பெயர் இருக்கிறது."

செவந்திக்குப் புரியச் சற்று நேரமாயிற்று. "நானா? நானா லஞ்சம் குடுத்தேன்?"

"மும்முறை."

"குடுத்த எனக்குத் தண்டனைன்னா, வாங்கினவருக்குங்க?"

"அவர் எங்கே வாங்கினார்? புறா இறங்கியது. அவருடைய கை படவில்லை."

அந்த வாரமே ராஜா மாடத்தில் தோன்றி, பரம்பரை பரம்பரையாகக் கண்டுபிடிக்க முடியாத லஞ்சக்காரர்கள் ஒரே வீச்சில் பிடிபட்டுவிட்டார்கள் என்று அறிவித்தார். நாட்டில் பாதிப்பேர் பிடிபட்டிருந்தார்கள். பிடிபடாத பாதி கைதட்டியது. லஞ்சம் கொடுத்தவர்கள் வண்டி வைத்துக்கொள்ளும் உரிமையை இழந்தார்கள். பௌர்ணமியன்று ஏலம் நடந்தது. புறாக்கள் பெருகிவிட்டதால் தானியம் ஏற்ற வண்டி தேவைப்பட்ட கார்மேகனார் மயிலையை வண்டியோடு ஏலத்தில் எடுத்தார்.

ஆனால் மயிலை நகரவில்லை. நுகத்தை வைத்ததும் படுத்துக்கொண்டது. அடித்தார்கள், வாலை முறுக்கினார்கள். கடைசியில் ஆள் அனுப்பி, தினக்கூலிக்கு வண்டி ஓட்ட வருகிறாயா என்று செவந்தியிடமே கேட்டார்கள். அடித்த தழும்பைப் பார்த்ததும் அவள் கூலி எவ்வளவு என்றுகூடக் கேட்கவில்லை. அதன் கழுத்தைக் கட்டிக்கொண்டு வாய்விட்டு அழுதாள். "எந்திரி சாமி" என்றாள். எழுந்தது.

கார்மேகனார் மாட்டைப் பட்டினி போடுகிறவர் அல்ல. பருத்திக்கொட்டை, கொள்ளு, புண்ணாக்கு. மயிலையின் விலா மறைந்து முதுகு மினுமினுத்தது. இத்தனை வருஷத்தில் தன்னால் அப்படி ஒரு தீனி போட முடியவில்லையே என்று செவந்தி நினைத்துக்கொள்வாள். அதுதான் அவளுக்கு எல்லாவற்றையும்விட வலித்தது. சாயக்காரத் தெரு உவர்நீரில் சோறு வடித்துக்கொண்டிருந்தது. தெருமுனையில் தானிய வண்டி கடக்கும்போது பவளாயி என்கிற சாயக்காரி வாசலிலிருந்து கத்துவாள்: "ஏக்கா, எங்க தெருப் பக்கம் திரும்பவே மாட்டீங்களா?"

அடுத்த தேர்தல் வந்தது. வாக்கிலும் மனிதக் கை படலாகாது என்பதால் அதுவும் புறா வழியே என்று பறை முழங்கியது. செவந்தி வண்டியை ஓரமாக நிறுத்திவிட்டு வரிசையில் நின்றாள். அவளுக்கு முன்னால், ஒருகாலத்தில் விறகு வண்டி வைத்திருந்த ஒருவனும் அவனுக்குப் பின்னால் கிழவர் ஒருவரும் நின்றார்கள்.

"இது எங்க போயி எறங்கும்னு தெரியுமில்ல உங்களுக்கு?" என்றான் விறகுக்காரன்.

"தெரியும்ப்பா" என்றார் கிழவர்.

"அப்புறம் எதுக்குக் கட்டறீங்க?"

"கட்டலேன்னா ஓட்டுப் போடலேன்னு அபராதம். அதுக்கு வேற ஒரு புறா வாங்கணும்."

செவந்தியின் முறை வந்தது. மைத்துனர் இல்லாத ஒரு வேட்பாளரின் சின்னத்தை ஓலையில் கீறி, கவனமாகக் கட்டி, புறாவை மேலே வீசினாள். அது பறக்க முயன்று, சுற்றிலும் பார்த்து, பேசாமல் இறங்கி அவள் வண்டியின் தானிய மூட்டைமேல் உட்கார்ந்துகொண்டது. எப்படியும் வண்டி அங்கேதானே போகிறது. வாக்குப்பதிவு அதிகாரி எட்டிப் பார்த்தார். "வாக்கு புறப்பட்டுவிட்டது" என்று முழங்கினார்.

சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். செவந்திக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. வருவது வரட்டும் என்று மூட்டைகளை ஒவ்வொன்றாகக் கீழே உருட்டினாள். புறா படபடத்து எழுந்து தெற்கே பறந்தது. காலி வண்டியில் ஏறி உட்கார்ந்தாள். சுனைக்குப் போவோம், பீப்பாயை யாரிடமாவது இரவல் கேட்டுக்கொள்ளலாம், இன்றைக்கு ஒருநாளாவது சாயக்காரத் தெரு நல்ல தண்ணீர் குடிக்கட்டும். "வாடா சாமி, நம்ம வழிக்குப் போவோம்" என்று, சுனைப் பாதை பிரியும் இடத்தில் கயிற்றை இடப்பக்கம் இழுத்தாள்.

மயிலை திரும்பவில்லை. மறுபடியும் இழுத்தாள், பெயர் சொல்லிக் கூப்பிட்டாள், கெஞ்சினாள். அது தலையை ஆட்டிவிட்டு, ஒரு குறையுமில்லாத மாட்டின் நிதானத்தோடு, கொள்ளு வைக்கும் வீட்டுப் பாதையில் நடந்தது.