இயல்புச் சான்றிதழ்

குடிநீர் அலுவலகத்தின் வாசலில், முகம் பார்த்து வருகை பதியும் இயந்திரம் ஒன்றை மாட்டியிருந்தார்கள். யார் நேரத்துக்கு வருகிறார்கள் என்று மனிதர்கள் கவனித்தால் பாரபட்சம் வந்துவிடும். ஆகவே யாரையுமே அறியாத ஒன்றிடம் அந்தப் பொறுப்பு ஒப்படைக்கப்பட்டது.

அந்த இயந்திரம் ஒரு காலையில் புகாரம்மாவைப் பார்த்து, "அடையாளம் காண இயலவில்லை" என்றது.

தண்ணீர் வரவில்லை, வந்தால் நிற்கவில்லை, நின்றது நாறுகிறது என்று வருகிறவர்களுக்கெல்லாம் பல வருடங்களாகப் பதில் சொல்லிவந்ததில் அவளுக்கு அந்தப் பெயர் நிலைத்திருந்தது. இயந்திரம் அறிந்த புகாரம்மாவின் தலைமுடி, கோடு போட்ட மாதிரி நேராக இருக்கும். இன்றைக்கு வந்து நின்றவளுக்கோ அது கொத்துக்கொத்தாகச் சுருண்டு, காதுகளை விழுங்கி, தோளுக்கு மேலே தன் இஷ்டத்துக்கு நின்றது.

எல்லாம் மகள் செய்த வேலை. தினமும் விடிந்ததும் தாய் தன் தலைமுடிக்குச் சூடு போட்டு நேராக்கிக்கொண்டு, அதே சூட்டோடு மகள் தலைக்கு வருவாள். மகளுக்கு இன்னும் நெருக்கமான சுருள். வீடு முழுக்கப் பொசுங்கின நாற்றம். அன்று மகள் தலையைக் கொடுக்க மறுத்துவிட்டாள்.

"அடுத்த மாசம் காலேஜ் போறேன். அங்கயாவது என் முடியோட போகட்டுமா?"

"எல்லாரும் சிரிப்பாங்கடி."

"உன்னைப் பார்த்துச் சிரிக்கிறாங்களான்னு மொதல்ல நீ போய்ப் பாரு. நீ சுடாம ஆபீஸ் போ. தாக்குப்பிடிச்சின்னா நானும் இப்படியே போறேன். நீ திரும்பச் சுட்டுக்கிட்டா நானும் சுட்டுக்கறேன், போதுமா?"

தலைக்குக் குளித்துவிட்டுக் கண்ணாடி முன் நின்றபோது, கல்யாணத்துக்கு முன்பு பார்த்து மறந்துபோன ஒருத்தி அவளை முறைத்தாள். புகாரம்மாவுக்கு அவளைப் பிடித்துத்தான் இருந்தது. அவளையே கூட்டிக்கொண்டு அலுவலகம் வந்துவிட்டாள்.

"அண்ணே, நான்தான்" என்றாள் வாசல் காவலரிடம்.

"தெரியுதும்மா. பாப்பாவுக்குக் காலேஜ்ல இடம் கெடச்சுதா?"

"கெடச்சுது. உள்ள விடுங்க."

"எப்படிம்மா விடறது? எனக்குத் தெரிஞ்சு என்ன பிரயோஜனம்? அதுக்குல்ல தெரியணும்!"

விஷயம் மேலாளரிடம் போனது. அவர் தலையில் முடி என்ற பேச்சுக்கே இடமில்லாததால், நடுநிலையோடு விசாரிக்க அவரைவிடத் தகுதியானவர் கிடையாது.

"நீங்க வந்திருக்கீங்கன்னு எனக்குத் தெரியும்மா. ஆனா வரலை."

"சார், உங்க முன்னாடிதானே நிக்கறேன்?"

"நிக்கறீங்க. வரலை. ரெண்டும் வேற வேற. பழைய முடியோட வந்துட்டா என்ன கஷ்டம்?"

"அது சூடு போட்டு வந்த முடி சார். இதுதான் பொறந்தப்பவே வந்தது."

"பொறந்தப்ப நீங்க இங்க வேலை பார்க்கலையே!"

"சரி, புதுசா ஒரு படம் எடுத்துப் பதிஞ்சுக்கோங்க."

"தாராளமா. ஆனா புதுப் படம் பதியணும்னா, இது இன்னார்தான்னு இயந்திரம் மொதல்ல ஒத்துக்கணும்."

"அதாவது, நான் நானா பதியணும்னா, ஒரு தடவை நானில்லாம வரணும்."

"பார்த்தீங்களா, எவ்வளவு சீக்கிரம் புரிஞ்சுக்கறீங்க!" என்று மேலாளர் மனம் மகிழ்ந்தார்.

புகாரம்மா முடியைச் சுடவில்லை. வேலை நடக்க வேண்டுமே என்று உள்ளே மட்டும் விட்டார்கள், வருகை பதியவில்லை. வராத ஊழியராகவே தினமும் வந்தாள். வராத நாற்காலியில் உட்கார்ந்து வந்த புகார்களை வாங்கினாள். சம்பளம் பிடிப்பார்கள் என்று தெரிந்தும், மகள் தினம் சாயங்காலம் "இன்னிக்கும் சுடலையே?" என்று கேட்டு அவள் தலையைத் தடவிப்பார்க்கும்போது, பட்ட கவலையெல்லாம் பறந்துபோய்விடும்.

இந்த நிலையில் தலைமை அலுவலகத்திலிருந்து இயக்குநர் ஆய்வுக்கு வந்தார். அவர் அப்போதுதான் 'உள்ளபடி இருத்தல்' என்ற கருத்தரங்கில் கலந்துகொண்டு, உள்ளபடி இருப்பது எப்படி என்று பயிற்சி பெற்றுத் திரும்பியிருந்தார். புகாரம்மாவைக் கண்டதும் அப்படியே நின்றுவிட்டார்.

"அடடா! எவ்வளவு இயல்பு! இவங்களை எங்க ஒளிச்சு வெச்சிருந்தீங்க?"

"இங்கதான் சார். எங்க கண்டுபிடிப்பு" என்றார் மேலாளர்.

அடுத்த நிமிடமே அவளைப் படம் எடுத்தார்கள். மேலிடம் சொன்னதும் இயந்திரம் மறுபேச்சில்லாமல் அடையாளம் கண்டது. அதே வாரத்தில் சுற்றறிக்கையும் வந்தது: 'ஊழியர்கள் அனைவரும் இனி தத்தம் இயல்பான தோற்றத்தில் மட்டுமே பணிக்கு வருமாறு கேட்டுக்கொள்ளப்படுகிறார்கள். இயல்பு எவ்வாறு இருக்க வேண்டும் என்பதற்கான மாதிரிப் படம் இணைக்கப்பட்டுள்ளது.'

இணைக்கப்பட்டிருந்தது புகாரம்மா.

"சார், எனக்கு இயல்பாவே முடி நேராத்தான் இருக்கு" என்று காசாளர் கண் கலங்கினார்.

"இந்தச் சாக்கெல்லாம் வேண்டாம். முயற்சி பண்ணுங்க."

ஊரில் இருந்த பியூட்டி பார்லர்கள் எல்லாம் நிரம்பி வழிந்தன. அலுவலகம் மொத்தமும் சுருண்டது. தட்டச்சர் சுருண்டார், ஓட்டுநர் சுருண்டார், ஓய்வுபெற ஒரு மாதமே இருந்த பொறியாளரும் எதற்கு வம்பு என்று சுருண்டார். படத்தைப் பார்த்துப் பார்த்து ஒவ்வொருவரும் இயல்பானதில், இயந்திரம் குழம்பிப்போய் வந்த அத்தனை பேரையும் புகாரம்மா என்றே பதிந்தது.

"என்னம்மா, காலையிலிருந்து வந்துக்கிட்டே இருக்கீங்க, ஒரு தடவைகூட வெளிய போகலையே?" என்று காவலர் கவலைப்பட்டார்.

மற்ற எல்லோருக்கும் சம்பளம் நின்றது. மேலாளர் நெடுநேரம் யோசித்து ஒரு முடிவுக்கு வந்தார். உண்மையான இயல்பு எது, போலி இயல்பு எது என்று ஒருவர் பிரித்துச் சொல்ல வேண்டும். உண்மையானவர்களுக்குச் சான்றிதழ் வழங்க வேண்டும். சான்றிதழ் காட்டுகிறவர்களை இயந்திரம் என்ன சொன்னாலும் உள்ளே விடலாம். அந்த ஒருவர் வேறு யாராக இருக்க முடியும்?

புகாரம்மா இயல்புச் சான்று அலுவலர் ஆனாள். முதலில் சிரிப்புத்தான் வந்தது. பிறகு தனி அறை வந்தது, கைவைத்த நாற்காலி வந்தது, வாசலில் வரிசை வந்தது. சிரிப்பு நின்றுவிட்டது.

ஒரு கற்றையைப் பிடித்து இழுப்பாள். விடுவாள். துள்ளித் திரும்புகிறதா என்று பார்ப்பாள். பிறகு வேரைப் பார்ப்பாள்.

"வேர்ல நேரா இருக்கே. அடுத்தவங்க வாங்க."

"அக்கா, ஒண்ணா உட்கார்ந்து வேலை பார்த்தவங்க நாம..." என்றார் தட்டச்சர்.

"அதனாலதான் மரியாதையாச் சொல்றேன்."

மூன்றாம் நாள் மேலாளரே வந்து உட்கார்ந்தார். தலையில் புத்தம்புதிதாய்ச் சுருள் டோப்பா. புகாரம்மா ஒரு கற்றையை மெதுவாக இழுத்தாள். டோப்பா மொத்தமாக நகர்ந்து புருவத்தில் உட்கார்ந்தது. அவள் தன் நாற்காலியின் கைகளைத் தடவிப்பார்த்துக்கொண்டாள். பிறகு டோப்பாவை இரு கைகளாலும் பழைய இடத்தில் வைத்தாள்.

"அருமையான இயல்பு சார். வேரே கண்ணுக்குத் தெரியலை."

முதல் சான்றிதழ் அவருக்குத்தான் போனது. அதன் பிறகு அவள் தயங்கவில்லை. சிலருக்கு இயல்பு குறைவு என்று திருப்பி அனுப்பினாள். சிலருடையது ஒழுங்கில்லாத இயல்பு என்றாள். எதிர்த்துக் கேட்டவர்களை மேல்முறையீட்டுக்கு மேலாளரிடம் அனுப்பினாள். மாதிரிப் படத்தில் இருந்த அளவு, அந்த வளைவு, அந்த அடக்கம் இருந்தால்தான் முத்திரை. சாயங்காலம் மகள் தலையைத் தடவ வந்தால், "கலைச்சுடாதே, நாளைக்கு ஆபீஸ் இருக்கு" என்று விலகினாள்.

மகள் கல்லூரிக்குப் போகும் முதல் நாள் காலை வந்தது. குளித்து முடித்துப் பையை மாட்டிக்கொண்டு கூடத்துக்கு வந்தாள். தலைமுடி சுருண்டு, சிலிர்த்து, நாலாபுறமும் நின்றது. வாழ்க்கையில் முதல் முறையாக அதை அப்படியே வெளியே கொண்டுபோகப்போகிறாள். முகத்தில் சிரிப்புத் தாங்கவில்லை.

"எப்படிம்மா இருக்கு?"

புகாரம்மா கண்ணாடியை மூக்கில் ஏற்றிக்கொண்டாள். ஒரு கற்றையைப் பிடித்து இழுத்தாள். விட்டாள். அது துள்ளித் திரும்பிய வேகத்தைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினாள்.

"கொஞ்சம் அதிகமா இருக்கே."

"எது?"

"இயல்பு."

மகள் சிரித்தாள். தாய் சிரிக்கவில்லை என்று தெரிந்ததும் நிறுத்தினாள். இரண்டடி பின்னால் போய், வரிசையில் நிற்பவள் போலக் கையைக் கட்டிக்கொண்டாள்.

"சரிங்க மேடம். மேல்முறையீட்டுக்கு யார்கிட்டப் போகணும்?"

"மேலாளர்கிட்ட" என்றாள் புகாரம்மா, பழக்கதோஷத்தில்.