மதுவிலக்குச் சபையின் ஒரே குடிகாரர்

ஒரு காட்டில் ஆப்பிள் மரங்கள் அதிகம். அதனால் குடிகாரர்களும் அதிகம்.

அமெரிக்காவில் ரயில் வண்டி புதிதாக ஓடத் தொடங்கியிருந்த காலம் அது. உதிர்ந்த பழங்கள் உருண்டுபோய் ஒரு பெரிய பள்ளத்தில் சேரும். சில நாளில் நுரைத்துப் பொங்கும். அந்த ஆப்பிள் கள்ளை விலங்குகள் குட்டி பிறந்தால் குடித்தன. யாராவது செத்தால் குடித்தன. மழை வந்தால் வந்ததே என்றும், வராவிட்டால் வரவில்லையே என்றும் குடித்தன.

இதை ஒழிக்க வான்கோழி அம்மையார் ஒரு மதுவிலக்குச் சபை தொடங்கினார். அவருக்குக் காரணம் இருந்தது. ஒரு நவம்பர் மாதக் கடைசியில் அவருடைய கணவர் குடித்துவிட்டு, வழி தவறி, ஒரு பண்ணை வீட்டுக்குள் நுழைந்துவிட்டார். அங்கே அன்று விருந்து. அவரை மிகவும் ஆசையாக உள்ளே அழைத்தார்களாம். அவர் திரும்பி வரவில்லை.

முதலில் சபை ஒரு சொற்பொழிவுக்கு ஏற்பாடு செய்தது. ஆந்தையார் கல்லீரலைப் பற்றி மூன்று மணி நேரம் பேசினார். கேட்டு முடித்தவர்கள் வரிசையாகப் பள்ளத்துக்குப் போனார்கள்.

"ஒரு வாய் குடிச்சாத்தான் இதையெல்லாம் மறக்க முடியும்" என்றது ரக்கூன்.

பிறகுதான் அம்மையாருக்கு நாடகம் போடும் யோசனை வந்தது. அவரே எழுதினார். முதல் காட்சியில் நல்ல குடும்பம். இரண்டாம் காட்சியில் கணவன் குடித்துக் கைகால் நடுங்கி, இல்லாத பாம்புகளைக் கண்டு அலறுவான். மூன்றாம் காட்சியில் மனைவியின் கண்ணீரைப் பார்த்துத் திருந்துவான். திரை விழுந்ததும் பார்வையாளர்கள் வரிசையில் நின்று உறுதிமொழிப் படிவத்தில் பாதம் பதிக்க வேண்டும். பெயர், இனம், கால்களின் எண்ணிக்கை, குடிக்கத் தொடங்கிய வயது என்று அதில் பல கேள்விகள் இருந்தன.

குடிகாரனாக நடிக்க முதலில் ஒரு முயல் வந்தது. அது நடுங்கியதைப் பார்த்தவர்கள் சளி பிடித்திருக்கிறது என்று நினைத்து, கஷாயம் சொன்னார்கள். ஆகவே அம்மையார் பள்ளத்துக்கே போனார். அங்கே கரடியார் படுத்திருந்தார். அந்தக் காட்டில் அவரைப் போலக் குடிப்பவர் வேறு யாரும் இல்லை.

"காட்டைக் காப்பாற்ற உங்களால் மட்டுமே முடியும்" என்றார் அம்மையார்.

கரடியாரிடம் இதற்கு முன் யாரும் அப்படிச் சொன்னதில்லை. உடனே எழுந்து உட்கார்ந்தார்.

நாடகம் சனிக்கிழமை பிற்பகல்தோறும் நடந்தது. இரண்டாம் காட்சி சரியாக வர வேண்டும் என்பதற்காகத் திரைக்குப் பின்னால் ஒரு பீப்பாய் கள் இருந்தது. சபையின் பதிவேட்டில் அது 'ஒப்பனைப் பொருள்' என்று எழுதப்பட்டிருந்தது. கரடியார் முகம் மலர ஒப்பனை செய்துகொண்டு மேடையேறுவார். அவர் நடுங்கினால் மேடையே நடுங்கும். இல்லாத பாம்பாக நடித்தது நிஜமான ஒரு பாம்பு. அது நெளிந்து வந்ததும் அவர் போடும் அலறலில் முன் வரிசை எழுந்து ஓடும். மனைவியாக நடித்த மான் அழும்போது காடே சேர்ந்து அழும்.

கரடியம்மா மட்டும் அழவில்லை. அவள் கடைசி வரிசையில் உட்கார்ந்து கணவரின் இடுப்பைப் பார்த்துக்கொண்டிருந்தாள். தோல் மடிப்பு மடிப்பாகத் தொங்கியது.

கரடிகளுக்கு இலையுதிர் காலம் சாப்பாட்டுக் காலம். கொட்டையும் மீனுமாகத் தின்று கொழுத்த பிறகு போய்ப் படுத்தால்தான் பனிக்காலம் முடிந்து எழுந்திருக்க முடியும். இல்லாவிட்டால் தூக்கத்திலேயே உயிர் போய்விடும்.

"ஏங்க, பனி விழ இன்னும் ஒரு மாசம்தான் இருக்கு. இந்த உடம்போட படுத்தா நீங்க எந்திரிக்க மாட்டீங்க" என்றாள்.

"என்ன பண்ணச் சொல்ற? முன்னெல்லாம் எனக்காகக் குடிச்சேன். இப்ப ஊருக்காகக் குடிக்கிறேன்" என்றார் கரடியார்.

"ஊருக்காகக் கொஞ்சம் சாப்பிடக் கூடாதா?"

"நடிகன் கொழுத்தா யாரு பரிதாபப்படுவா?"



பதினோராவது சனிக்கிழமை ஒரு விபத்து நடந்தது. மூன்றாம் காட்சியில் 'இனித் தொட மாட்டேன்' என்று சொல்லும்போது, கரடியாருக்குத் தான் சொல்வது காதில் விழுந்தது. பத்து வாரம் அவர் அதைக் கேட்டதே இல்லை. திரை விழுந்ததும் அவரும் இறங்கி வந்து வரிசையில் நின்றார்.

"இந்த வரிசை உங்களுக்கு இல்லை" என்றார் வான்கோழி அம்மையார்.

"ஏன், நானும் குடிக்கிறவன்தானே?"

"நீங்கள் குடிப்பது வேறு. அது கலை."

"கலையையும் சேத்து விட்டுடறேன் தலைவியம்மா" என்று சொல்லிக் கரடியார் படிவத்தில் பாதத்தைப் பதித்துவிட்டார்.

அடுத்த சனிக்கிழமை பீப்பாயைத் தொடாமல் மேடையேறினார். கை நடுங்கவில்லை. கண் தெளிவாக இருந்தது. பாம்பு நெளிந்து வந்து பக்கத்தில் நின்றது. அவர் அலறவில்லை.

"யோவ், என்னைப் பாரு. பயப்படு" என்று பாம்பு கிசுகிசுத்தது.

கரடியார் பார்த்தார். "அட, நீயா! வீட்ல எல்லாரும் சௌக்கியமா?" என்றார்.

அரங்கம் வயிறு குலுங்கச் சிரித்தது. அன்று படிவத்தில் பாதம் பதித்தது ஓர் ஆமை மட்டுமே. அதுவும் போன வாரம் நாடகம் பார்த்துவிட்டு வரிசைக்கு நடந்து வந்த ஆமை.

மறுநாள் காலை சபையார் பீப்பாயை உருட்டிக்கொண்டு கரடியாரின் குகைக்கு வந்தார்கள்.

"நீங்கள் ஒருவர் குடிக்காததால் நேற்று எத்தனை பேர் குடித்தார்கள் தெரியுமா?" என்று கேட்டார் அம்மையார். "மதுவிலக்குக்கு உங்களைப் போல் துரோகம் செய்தவர் யாரும் இல்லை."

கரடியார் தலையைக் குனிந்துகொண்டார். அவருடைய கை மெதுவாகப் பீப்பாயின் பக்கம் போனது. வாயில் பாதி தின்ற மீன் இருந்தது.

கரடியம்மா குறுக்கே வந்து நின்றாள். "பீப்பாயை எடுத்துட்டுப் போங்க. சனிக்கிழமை நடுக்கத்தோட ஆள் வரும். அதுக்கு நான் பொறுப்பு."

சனிக்கிழமை கரடியாரின் கிழிந்த கோட்டையும் தொப்பியையும் போட்டுக்கொண்டு அவளே மேடையேறினாள். யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை.

ஐந்து வருடம் பக்கத்தில் இருந்து பார்த்தவள். இல்லாத ஆணியில் தொப்பியை மாட்டினாள். அது விழுந்ததும் எடுத்து, தூசி தட்டி, அதே இடத்தில் மறுபடியும் மாட்டினாள். மரத்தின் மேல் மோதிவிட்டு மரத்திடம் மன்னிப்புக் கேட்டாள். கோட்டை மடிப்புக் கலையாமல் மடித்து வைத்துவிட்டுச் சேற்றில் படுத்தாள். 'குட்டி சாப்பிட்டானா?' என்று அக்கறையாக விசாரித்தாள். பதில் வருவதற்குள் தூங்கிப்போனாள். மான் அழ மறந்து பார்த்துக்கொண்டிருந்தது. பாம்பு உண்மையிலேயே பயந்துபோய்த் திரைக்குப் பின்னால் ஒளிந்தது.

அன்று நூற்றுப் பன்னிரண்டு பேர் பாதம் பதித்தார்கள். ஓநாய் விம்மிக்கொண்டே நான்கு பாதங்களையும் பதித்தது. படிவம் தீர்ந்து, மரப்பட்டையில் எழுதிக் கொடுத்தார்கள்.

"குடிகாரரே, மேடைக்கு வாங்க!" என்று கூட்டம் கத்தியது.

கரடியம்மா வந்து தொப்பியைக் கழற்றினாள். அப்போதுதான் அவள் யார் என்று கூட்டத்துக்குத் தெரிந்தது.

ரக்கூன்தான் முதலில் வாய் திறந்தது. "அம்மா, நீங்களும் குடிப்பீங்களா?"

"ஒரு சொட்டு தொட்டதில்ல."

"எப்பவுமே?"

"எப்பவுமே."

"அடப்பாவி! குடியே தெரியாத ஒருத்தி பேச்சைக் கேட்டா நாம குடியை விட்டோம்?" என்று ரக்கூன் அலறியது.

"மோசடி!" என்றது ஓநாய். நான்கு பாதம் பதித்த படிவத்தை நான்காகக் கிழித்தது. மற்றவர்களும் கிழித்தார்கள். ஆமைகூட முந்தின வாரத்துப் படிவத்தைத் தேடிப் பிடித்துக் கிழித்தது. பிறகு எல்லோரும் ஊர்வலமாகப் பள்ளத்துக்குப் போனார்கள். ஏமாற்றப்பட்ட துக்கத்தில் அன்று வழக்கத்தைவிட அதிகமாகக் குடித்தார்கள்.

சபை அவசரமாகக் கூடி ஒரு தீர்மானம் போட்டது. மதுவிலக்கு மேடையில் மது அருந்தாமல் ஏறிய குற்றத்துக்காகக் கரடியம்மா நாடகத்திலிருந்து நீக்கப்பட்டாள். "சபைக்கு இப்படி ஒரு களங்கம் வந்ததே இல்லை" என்றார் வான்கோழி அம்மையார்.

கரடியம்மா குகைக்குத் திரும்பினாள். கரடியார் அன்று ஒன்பது மீன்கள் தின்றிருந்தார். இடுப்பில் தோல் இறுகத் தொடங்கியிருந்தது.

"எத்தனை பேர் கையெழுத்துப் போட்டாங்க?" என்று ஆவலோடு கேட்டார்.

"நூத்திப் பன்னிரண்டு."

"அடேயப்பா! எல்லாரும் குடியை விட்டுட்டாங்களா?"

"இல்ல. கிழிச்சுட்டாங்க."

"ஒருத்தர்கூட மிச்சம் இல்லையா?"

"ஒருத்தர் இருக்கார்."

"யாரு?"

"நீங்கதான். பேசாம அந்தப் பத்தாவது மீனைச் சாப்பிடுங்க."

கரடியாருக்கு மனது மிகவும் சங்கடப்பட்டது. இருந்தாலும் சாப்பிட்டார். பனி விழுந்தபோது இருவரும் வாசலை இலைகளால் அடைத்துவிட்டுப் படுத்தார்கள். வசந்தம் வந்ததும் கரடியார் எழுந்தார். காட்டில் அவருடன் யாரும் பேசவில்லை.

நீதி: ஒரு குடிகாரன் ஒழுங்காகக் குடித்தால் ஊரே திருந்தும். தான் மட்டும் திருந்திக்கொள்வது சுயநலம்.