மருத்துவச்சி சார் தேடிய பக்கம்

பிரசவத்தைப் பற்றி உலகத்தில் எழுதப்பட்ட பழைய நூல்களையெல்லாம் கரைத்துக் குடித்துவிட்டு, ஒரு பிரசவத்தைக்கூடக் கண்ணால் பார்க்காத ஒரே மனிதர் எங்கள் மருத்துவச்சி சார்தான். இதில் எனக்குச் சந்தேகமே கிடையாது.

கொடைக்கானலில் நான் வேலை பார்த்த சின்ன ஆஸ்பத்திரியின் ரெக்கார்டு ரூமுக்கு அவர்தான் பொறுப்பு. ஐம்பத்தைந்து வயது, ஒற்றை ஆள். சித்திரையிலும் கழற்றாத குரங்குக் குல்லா. சம்பளப் பட்டியலில் அவருக்கு வேறு பேர் இருந்தது. ஆனால் பெரிய டாக்டரிலிருந்து வாட்ச்மேன் வரை மருத்துவச்சி சார் என்றுதான் கூப்பிட்டார்கள். கேலிக்கு வைத்த பேரை அவர் பட்டம் கொடுத்த மாதிரி வாங்கி வைத்துக்கொண்டார்.

அந்த ரூமில் ஒரு அலமாரி நிறைய, அந்தக் காலத்து வெள்ளைக்கார டாக்டர்கள் விட்டுப்போன புத்தகங்கள் இருந்தன. ஒரு கையில் அகராதியை வைத்துக்கொண்டு அவற்றைப் படிக்க ஆரம்பித்தவர், செல்போன் வந்த பிறகு ஊர் உலகத்துப் பழைய நூல்களையெல்லாம் அதில் இறக்கிப் படித்தார். ரோமாபுரியில் இருந்த ஒரு கிரேக்க வைத்தியர், நல்ல மருத்துவச்சிக்கு எழுதப் படிக்கத் தெரிய வேண்டும், நகத்தை ஒட்ட வெட்டியிருக்க வேண்டும் என்று எழுதி வைத்திருக்கிறாராம். அதைப் படித்த மறுநாளிலிருந்து நர்சுகளுக்கு நிம்மதி போயிற்று. எதிரே வருகிறவர்களின் கையைப் பார்த்து, "ரெண்டாயிரம் வருசமாச் சொல்லிக்கிட்டு இருக்காங்க சிஸ்டர், இன்னும் வெட்டலையே" என்று நிஜமான வருத்தத்தோடு சொல்வார்.

பிறகு எகிப்து வந்தது. அங்கே, மாசமாக இருக்கிறோமா என்று தெரிந்துகொள்ள நினைக்கும் பெண்ணின் சிறுநீரைக் கோதுமையிலும் பார்லியிலும் ஊற்றி வைப்பார்களாம். முளைத்தால் பிள்ளை உண்டு. சார் லேபில் கெஞ்சி, கர்ப்பிணிகள் சோதனைக்குக் கொடுத்ததில் மீதியை வாங்கிவந்து, ஜன்னலோரம் இரண்டு டப்பாக்களை வைத்தார். ஒப்பிட்டுப் பார்க்க வேண்டுமே என்று மூன்றாவது டப்பாவுக்குத் தன்னுடையதையே ஊற்றினார். கொடைக்கானல் குளிரில் முதல் இரண்டும் அப்படியே கிடந்தன. மூன்றாவது மட்டும் பச்சைப் பசேலென்று முளைத்து நின்றது. அதை முதலில் பார்த்த வாட்ச்மேன், சாருக்கு எத்தனையாவது மாசம் என்று பணிவாக விசாரித்தார். விஷயம் வட்டக்கானல் விடுதிகள் வரை போயிற்று. சார் கோபப்படவில்லை. "ஜன்னல் காத்துதான் காரணம்" என்று நோட்டில் எழுதி வைத்தார்.

ஐரோப்பாவில் அச்சு வந்த புதிதில் வெளியான ஒரு நூலின் படங்களைப் பிரதி எடுத்துவந்ததுதான் எல்லாவற்றிலும் மோசம். கவிழ்த்த குடுவை போல ஒரு கர்ப்பப்பை. அதற்குள்ளே தலைவாரிய ஏழு வயதுப் பையன் ஒருவன், குளத்தில் குதிக்கப் போகிறவன் மாதிரி கையை நீட்டிக்கொண்டு நிற்பான். இதைச் சார் பரிசோதனைக்கு வந்த கர்ப்பிணிகளின் வரிசையில் காட்டிக்கொண்டே போனார். அன்று பாதிப் பேருக்கு ரத்த அழுத்தம் ஏறியிருந்தது. பெரிய டாக்டர் அவரைக் கூப்பிட்டு, இனி நீங்கள் ரெக்கார்டு ரூம் வாசல்படியைத் தாண்டக் கூடாது என்று சொல்லிவிட்டார்.

அந்த ரூமில் அவருக்கு உதவியாக இருந்தவள் நான். முதல் பிள்ளையை ஐந்தாம் மாதத்தில் இழந்திருந்தேன். இரண்டாவது தங்கியபோது சார் எனக்கு எந்தப் படத்தையும் காட்டவில்லை. மற்றவர்கள் சாப்பிட்டாயா, தூங்கினாயா என்று கேட்பார்கள். இவர் ஏழாம் மாதத்திலிருந்து தினமும் காலையில் ஒன்றே ஒன்றுதான் கேட்பார்: "புள்ள எப்படிம்மா கெடக்கு?"

எட்டாம் மாத ஸ்கேனில் பிள்ளை குறுக்கே கிடப்பதாகத் தெரிந்தது. திரும்பிவிடும், பயப்பட வேண்டாம் என்று டாக்டர் சொன்னார். நான் வந்து சாரிடம் சொன்னேன். உடனே ஒரு புத்தகத்தை எடுப்பார் என்று எதிர்பார்த்தேன். அவர் கையில் இருந்ததையும் மூடி வைத்துவிட்டு வீட்டுக்குப் போய்விட்டார். மூன்று நாள் வரவில்லை.

நாலாம் நாள் வந்து, என் முகத்தைப் பார்க்காமல் பழைய சீட்டுகளை அடுக்கிக்கொண்டே சொன்னார். அவருக்குக் கல்யாணம் ஆகியிருக்கிறது. சொந்த ஊர் கிளாவரை. மனைவிக்கு முதல் பிரசவம், பிள்ளை குறுக்கே விழுந்துவிட்டது. ஊர் மருத்துவச்சி காளியம்மா இவருக்கு ஒன்றுவிட்ட அத்தை முறை. அவர் கையை உள்ளே விட்டுப் பிள்ளையைத் திருப்பி, காலைப் பிடித்து வெளியே எடுத்தார். பிள்ளைக்கு உயிர் இல்லை. ரத்தம் நிற்காத மனைவியை ஜீப்பில் ஏற்றிக் கொடைக்கானலுக்குக் கொண்டு வரும்போது, வழியிலேயே அந்த உயிரும் போய்விட்டது. சார் ஊருக்குத் திரும்பி, அத்தனை சனத்துக்கும் நடுவே, "கைய விட்டு என் பொண்டாட்டியக் கொன்னுட்டா" என்று காளியம்மாவைக் காட்டிக் கத்தினார். துணியில் சுற்றி வைத்திருந்த பிள்ளையைப் பார்க்க மாட்டேன் என்றுவிட்டார். அதோடு காளியம்மா மருத்துவம் பார்ப்பதை நிறுத்திவிட்டு, வடகவுஞ்சியில் மகனோடு போய்ச் சேர்ந்துகொண்டாராம்.

ஆஸ்பத்திரி வேலைக்கு வந்த பிறகு, காளியம்மா செய்தது கொலைதான் என்று எழுத்தில் பார்த்துவிட வேண்டுமென்றே சார் அந்த அலமாரியைத் திறந்திருக்கிறார். கிரேக்கர் நூலில், குறுக்கே கிடந்தால் கையை விட்டுத் திருப்பு, காலைப் பிடித்து எடு என்று இருந்தது. பழைய ஆயுர்வேத நூலில், கதவுக்குப் போட்ட தாழ்ப்பாள் மரம் மாதிரி கிடக்கும் பிள்ளையைத் திருப்பி எடுக்கச் சொல்லியிருந்தது. ஒன்றாவது வேறு மாதிரி சொல்லாதா என்று அடுத்தடுத்துப் படித்துக்கொண்டே போனார். ஒன்றும் சொல்லவில்லை.

"அவுக செஞ்சது சரிதாம்மா. அந்த எடத்துல யாரு இருந்தாலும் அதைத்தான் செஞ்சிருப்பாக."

போய்ச் சொல்ல வேண்டியதுதானே என்று கேட்டேன். தனியாகப் போனால் வார்த்தை வராது என்றார்.

என் பிள்ளை தானாகவே திரும்பிப் பிறந்தான். நாலு மாதம் கழித்து, அவனை அம்மாவிடம் விட்டுவிட்டு, என் வீட்டுக்காரரின் ஜீப்பில் சாரைக் கூட்டிக்கொண்டு வடகவுஞ்சிக்குப் போனோம். காளியம்மா வாசலில் காப்பிப் பழம் காயப்போட்டிருந்தார். சாரை அடையாளம் தெரிந்ததும் எழுந்திருக்கவில்லை. பக்கத்தில் கிடந்த சாக்கை மட்டும் எங்கள் பக்கம் நகர்த்திப் போட்டார்.

சார் பையிலிருந்து தாள்களை எடுத்தார். நாலு நூல்களிலிருந்து அவரே தமிழில் எழுதியது. குல்லாவைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, பள்ளிக்கூடத்துப் பிள்ளை மாதிரி ஒரு வரி விடாமல் வாசித்தார். காளியம்மா பழத்தைக் கிளறிவிட்டபடியே கேட்டார்.

"ஒங்க மேல தப்பில்ல அத்தே. எல்லாப் புத்தகத்துலயும் இருக்கு."

"புஸ்தகம் சொல்லித்தான் ஒனக்குத் தெரியணுமாக்கும்?"

காளியம்மாவே மேற்கொண்டு பேசினார்.

"நீ கத்துனதுக்காக நான் அந்தச் சோலிய விடலப்பா. வலி தாங்காம ஒம் பொண்டாட்டி என் தோளப் புடிச்சிருந்துச்சு. அதுக்குப் பெறகு எவ வந்து புடிச்சாலும் அவ கையாத்தான் தெரிஞ்சுச்சு. எனக்குக் கை ஓடல."

சார் தாள்களை மடித்தார், பிரித்தார், மறுபடி மடித்தார். பிறகு மிகவும் மெதுவாக, அது என்ன பிள்ளை என்று கேட்டார். முப்பது வருஷம் புத்தகம் படித்தவருக்கு அது தெரியாது என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

"பொம்பளப் புள்ள. தலை நெறய முடி. நெத்தி ஒன்ன மாதிரி."

காளியம்மா உள்ளே போய்க் கடுங்காப்பி போட்டுக் கொண்டுவந்தார். குடித்துவிட்டுக் கிளம்பினோம். காலில் விழப் போன சாரை அவர் விழவிடவில்லை.

ஜீப் பெருமாள்மலையில் திரும்பும்போது சார், "ஏம்மா, ஒரு நல்ல பேரா சொல்லேன்" என்றார். எதற்கு என்று நான் கேட்கவில்லை. ஒவ்வொரு பேராகச் சொல்லிக்கொண்டு வந்தேன். இது ரொம்ப நீளம், இந்தப் பேரில் ஊரில் ஒரு சண்டைக்காரி இருந்தாள், இது பள்ளிக்கூடத்தில் கேலி செய்வார்கள் என்று எல்லாவற்றையும் தள்ளினார். என் வீட்டுக்காரர் சொன்ன பேரை நடிகை பேர் என்று ஒதுக்கினார். கொடைக்கானல் ஏரி கண்ணில் பட்டபோதுதான் ஒன்று பிடித்தது. வாய்க்குள் இரண்டு தடவை கூப்பிட்டுப் பார்த்துக்கொண்டார். யாரிடமும் சொல்லாதே என்றார்.

சார் இறந்துபோய் ஒரு வருஷம் ஆகிறது. அந்தப் பேரை இங்கேயும் நான் எழுதப் போவதில்லை.