இணைப்பு மூன்றில் மணியடிப்பவர்

நகரத்தின் பழைய தேவாலயத்துக்குத் தொன்மைச் சின்னம் என்ற பட்டம் கிடைத்தபோது, அதற்கான மனுவில் முதல் கையெழுத்துப் போட்டிருந்த மணியடிப்பவருக்குத் தலைகால் புரியவில்லை. எதிர்த் தெருத் தபால் நிலையத்துக்கே வெண்கலப் பலகை வந்துவிட்டது, நம் கோயிலுக்கு என்ன குறைச்சல் என்று சபையார் ஒரு வருஷமாகப் பொருமிக்கொண்டிருந்தார்கள். அது போக, அடுத்த மாதம் அவர் மகளுக்குக் கல்யாணம். பலகை வைத்த கோயிலில் கல்யாணம் என்றால் சம்பந்தி வீட்டில் சும்மாவா!

பலகை வந்தது. கூடவே தொல்லியல் துறை அதிகாரியும் வந்தார். வாசற்படியில் விழுந்திருந்த குழியைப் பார்த்து அப்படியே சொக்கிப்போனார்.

"இருநூறு வருஷமா ஜனங்க மிதிச்சு மிதிச்சு உண்டான குழி. அபூர்வம்! இனிமே யாரும் மிதிக்கக் கூடாது."

"மிதிக்காம எப்படிங்க உள்ளே போறது?"

"ஏன் போகணும்?"

மணியடிப்பவர் விரல்விட்டு எண்ணத் தொடங்கினார். ஞாயிற்றுக்கிழமை ஜெபம், மழைக்கு ஒதுங்குகிறவர்கள், மத்தியானம் பெஞ்சில் கண்ணயரும் கூலிக்காரர்கள் என்று இழுத்தார். அதிகாரி அத்தனையையும் பொறுமையாக எழுதிக்கொண்டு, மேலே 'சேதத்துக்கான காரணங்கள்' என்று தலைப்புப் போட்டார்.

மறு வாரம் பாதுகாக்கப்பட்ட பொருள்களின் பட்டியல் வந்து சேர்ந்தது. இணைப்பு மூன்று: மணி ஒன்று; கயிறு ஒன்று; மணியடிப்பவர் ஒருவர். சாயம் பூசலாகாது. அலுவலக நேரத்தில் வாசலைத் தாண்டலாகாது.

"என்னை எதுக்கு சார் சேர்த்தீங்க?"

"பெருமைப்படுங்க பெரியவரே. அந்தப் படிக்கே இணைப்பு அஞ்சுலதான் இடம்."

"பொண்ணுக்குக் கல்யாணம் சார். கையைப் பிடிச்சுக் கூட்டிட்டுப் போய் மாப்பிள்ளைகிட்ட குடுக்கணும்."

"ஜனங்களுக்கு உள்ளே அனுமதி இல்லை. பொருளுக்கு வெளியே அனுமதி இல்லை. வேணும்னா மூணு பிரதியில மனு போடுங்க."

போட்டார். பதில் வரவில்லை. கல்யாண நாள்தான் வந்தது.

கல்யாணம் தெருவோரம், வெளிக்கேட்டில் நடந்தது. யாரும் மிதிக்காதபடி வாசலில் தடுப்பாகக் கட்டியிருந்த கயிற்றுக்கு உள்பக்கம் அப்பா நின்றார்.

"ஒரே ஒரு எட்டுப்பா! வந்துட்டுப் போங்கப்பா!" என்று மகள் கூப்பிட்டாள்.

முழங்கால் உயரக் கயிறு. தாண்டினால் தாண்டிவிடலாம். ஆனால் பட்டியலில் ஒரு பொருள் குறைந்தாலும் பலகையைக் கழற்றிவிடுவார்கள் என்று சபைச் செயலர் காலையிலேயே சொல்லி வைத்திருந்தார்.

"பதில் வரட்டும்மா" என்றார் அப்பா. மகள் தானாகவே நடந்து போய் மாப்பிள்ளை பக்கத்தில் நின்றாள். அவர் விம்மி விம்மி அழுதார்.

அழுது ஓய்ந்தபோது செயலர் கயிற்றுக்கு மேலாக ஒரு தாளை நீட்டினார்.

"கேட்டுல கல்யாணம் எவ்வளவு பாந்தமா நடந்துச்சு, பார்த்தீங்களா? அந்தக் கேட்டையும் தொன்மைச் சின்னமா அறிவிக்கச் சொல்லி ஒரு மனு. சபையார் எல்லாரும் கையெழுத்துப் போட்டாச்சு. பொண்ணும் மாப்பிள்ளையும்கூட போட்டாச்சு."

மணியடிப்பவர் தாளை வாங்கிப் பார்த்தார். முதல் கையெழுத்துக்கான இடத்தை மட்டும் அவருக்கென்று விட்டு வைத்திருந்தார்கள்.

கண்ணைத் துடைத்துக்கொண்டு பேனாவைக் கேட்டு வாங்கினார்.