பனைமரம் கேட்டால் கோபம் வரும்

லண்டனில் கோபக்காரத் தமிழர்களுக்குப் பஞ்சமே இல்லை. ஆனால் 'பனைமரம்' என்ற சொல் காதில் விழுந்ததும் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்துவிட்டுச் சண்டைக்கு எழும்பியவர் மொஸ்கோ அண்ணை ஒருவர்தான்.

கிழக்கு லண்டனில் பார்க்கிங் என்ற ஊரில், எங்கள் வீட்டுக்கு மேல்மாடியில் இருந்தார். யாழ்ப்பாணத்திலிருந்து எஞ்சினியரிங் படிக்க மொஸ்கோ போனவர், மூன்றாம் மாதமே அதை உதறிவிட்டு சினிமாவுக்கு செட் போடும் படிப்பில் சேர்ந்தார். பிறகு சோவியத் ஸ்டூடியோ ஒன்றில் கலை இயக்குநர். அங்கே வெயில் நாட்டுக்காரர் இவர் ஒருவர்தான். அதனால் ஆப்பிரிக்காவா, கூப்பிடு இவரை. கியூபாவா, கூப்பிடு இவரை. கொட்டும் பனியில் நின்று கம்பியாலும் கித்தானாலும் தென்னையும் பனையும் செய்தார்.

"பதினாறு வருஷம், தம்பி! பதினாறு வருஷமும் மரம்! செட் போட ஒரு ரஷ்யன் வீடு தாங்கோ எண்டு கெஞ்சினன். 'உமக்கு எங்கடை வீட்டைப் பற்றி என்ன தெரியும்?' எண்டு கேட்டவங்கள். அவங்கடை வீட்டிலைதானே நான் வாடகைக்கு இருந்தனான்!"

அந்தக் கோபத்தை அவர் லண்டன் முழுக்கப் பகிர்ந்தளித்தார். பக்கத்து ஊரான குட்மேய்ஸில் ஒரு புதுவீடு குடிபூரலுக்கு நான்தான் புத்தி கெட்டுப்போய் அவரைக் கூட்டிப்போனேன். வெள்ளை வெளேரென்ற சோபாவை முறைத்துப் பார்த்தார். "இது வீடோ, கடையோ? ஒரு மனுசன் இருந்த அடையாளம் இல்லையே!" என்றவர், கையிலிருந்த தேநீரில் கொஞ்சத்தை அதில் ஊற்றினார். "இப்ப சரி." அந்த வீட்டுக்காரி இன்றுவரை என்னோடு பேசுவதில்லை.

இப்படிப்பட்டவரிடம் எங்கள் சங்கத் தலைவர் போய், நான் எழுதிய நாடகத்துக்கு செட் கேட்டார். கதை யாழ்ப்பாணத்துக் கல்யாண வீடு.

"அண்ணை, வீட்டு முற்றத்திலை ரெண்டு பனைமரம் நிண்டால் காணும்."

நான் கண்ணை மூடிக்கொண்டேன். மொஸ்கோ அண்ணை தேநீரை ஒரு மிடறு குடித்தார்.

"ஓம், செய்யிறன்" என்றார்.

அப்போதே சந்தேகப்பட்டிருக்க வேண்டும்.

கடைசி நிமிடம்வரை செட்டை ஒருவருக்கும் காட்டவில்லை. ஞாயிறு பின்னேரம் மண்டபம் நிரம்பி வழிந்தது. திரை விலகியது. மேடையில் ஒரு ரஷ்யச் சமையலறை! உரிந்த பச்சைச் சுவர், கரி பிடித்த அடுப்பு, விளிம்பெல்லாம் பனி உறைந்த ஜன்னல். நடுவே கல்யாணப் பெண்ணின் தகப்பன், வேட்டியும் வெறும் மேலுமாக, வசனம் மறந்து நின்றார்.

"பனை எங்கை? பனை எங்கை?" என்று தலைவர் என் காதுக்குள் கத்தினார்.

தகப்பன் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, வெறும் மேலைக் கைகளால் பொத்திக்கொண்டு, "பிள்ளை, அந்தக் கதவைச் சாத்து" என்றார். நான் எழுதாத வசனம். நாடகம் முழுவதிலும் கைதட்டல் வாங்கியது அது ஒன்றுதான். மகளைப் பிரியும் காட்சியில் அழவேண்டிய சனம் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தது. எட்டு மாதம் உட்கார்ந்து எழுதிய நாடகம்!

சனம் கலைந்ததும், இந்த மனுசனை இன்றைக்கு உண்டு இல்லை என்று ஆக்குவதென்று மேடையில் ஏறினேன். மொஸ்கோ அண்ணை அந்தச் சமையலறை மேசையில் கையை ஊன்றி ஜன்னலைப் பார்த்தபடி இருந்தார். கண்கள் கலங்கியிருந்தன.

"தம்பி, உண்மையைச் சொல்லும். எப்பிடி இருக்கு?"

மற்றக் கதிரையை இழுத்துப்போட்டு அவருக்கு எதிரே உட்கார்ந்தேன்.

"குளிருது, அண்ணை."