மாதா சப்பரமும் நார்வேக்காரனும்

இயேசு மரி சூசை துணை

பஃபலோ ரோடு,
சிங்கப்பூர்.
15 மார்ச் 1986

மரியாதைக்குரிய மச்சான் ஆம்ப்ரோஸ் அவர்களுக்கு, சிலுவைராஜ் எழுதிக்கொள்வது. உட்லண்ட்ஸில் நீங்களும் அக்காவும் பிள்ளைகளும் சுகமாக இருக்க மாதாவை வேண்டிக்கொள்கிறேன். இங்கும் சுகம் என்று எழுதுவதுதான் முறை, எழுதிவிட்டேன். இனி உண்மையைச் சொல்கிறேன். உங்கள் ஞானமகள் ஜோசபின் என்னோடு பேசுவதில்லை. இதை டெலிபோனில் சொன்னால் என்ன என்று கேட்பீர்கள். டெலிபோன் ஹாலில் இருக்கிறது, ஹாலில் அவளும் இருக்கிறாள். நேரத்துக்குச் சோறு போடுகிறாள், சட்டையைத் தேய்த்து மாட்டி வைக்கிறாள், வாயை மட்டும் திறக்க மாட்டேன் என்கிறாள். ஊரெல்லாம் தவக்காலத்தில் கறியை விட்டால், இவள் அப்பனோடு பேச்சை விட்டிருக்கிறாள். உங்கள் தங்கச்சி ரோசம்மா போன பிறகு இந்த வீட்டில் இருப்பதே இரண்டு வாய். அதில் ஒன்று மூடிக்கொண்டால் மற்றது என்ன செய்யும்? நேற்று ரேடியோவில் செய்தி வாசித்தவருக்கு நான் பதில் சொல்லிக்கொண்டிருந்தேன்.

முதலிலிருந்து சொல்கிறேன், அப்போதுதான் நியாயம் என் பக்கம் என்பது விளங்கும். பாலிடெக்னிக் கம்ப்யூட்டர் ரூமில் அவளுக்கு வேலை என்பது உங்களுக்குத் தெரியும். அங்கே மேலதிகாரியிடம் அனுமதி வாங்கி, வேலை நேரம் போக, சொந்தமாக ஒரு புரோகிராம் எழுதியிருக்கிறாள். பொருள்களைக் கம்ப்யூட்டருக்குள்ளேயே செய்து பார்க்கிற புரோகிராம். வெறும் கோட்டுப் படம் இல்லை மச்சான், கட்டியான பொருள். ஒரு பெட்டியை வைத்து அதன் தலையில் உருளையை ஒட்டலாம், பெட்டியிலிருந்து இன்னொரு உருளையைக் கழித்தால் ஓட்டை விழும். இப்படிச் சேர்த்தும் கழித்துமே கப்பல் இன்ஜின்கூடச் செய்துவிடலாமாம். எனக்குப் பெருமை தாங்கவில்லை. மீன் வாங்கப் போன இடத்தில் மீன்காரரிடமும் சொன்னேன். பிறகுதான் தெரிகிறது, இவள் அதைக் கேட்டவனுக்கெல்லாம் சும்மா தூக்கிக் கொடுக்கிறாள்! சாப்பாட்டுத் தட்டு அகலத்துக்கு ஒரு டேப் சுருள், அதில் புரோகிராம் மட்டும் இல்லை, அதற்காக அவள் எழுதிய வரி ஒவ்வொன்றும் இருக்கிறது, அதைக் கானடாவுக்கும் ஆஸ்திரேலியாவுக்கும் நார்வேக்கும் தபாலில் அனுப்புகிறாள். “ஏம்மா, எவனாவது திருடிட்டா?” என்றேன். “நானே குடுத்துட்டேன் லா, அதுக்கு மேல என்ன திருடுறது? படிச்சுப் பார்த்து தப்பு இருந்தா சொல்லட்டும்பா, நல்லா திருத்தினா எனக்கும் அனுப்பட்டும்” என்றாள். முகம் தெரியாதவனை அடுப்படி வரைக்கும் விட்டுக் குழம்பில் உப்புப் பார்க்கச் சொல்கிறாளே மச்சான்!

இந்த நேரத்தில்தான் பிப்ரவரி மாதா திருநாள் வந்தது. இந்த வருஷம் புதுச் சப்பரம் செய்ய வேண்டும் என்று ஃபாதர் சொன்னதும், “என் மகள் கம்ப்யூட்டரில் செய்து தருவாள்” என்று நான்தான் எழுந்து நின்று சொன்னேன். அவளும் ஆசையாகச் செய்தாள். பீடம், தூண், மேலே வளைவு, நடுவில் மாதா நிற்கக் குடைந்த மாடம். படம் அச்சாகி வந்தது, நானே ரோவல் ரோட்டில் தச்சு வேலை செய்யும் வேலாயுதத்திடம் கொண்டுபோய்க் கொடுத்தேன். திருநாள் காலையில், பூசை முடிந்து, பாட்டுக்காரர்கள் பாட ஆரம்பித்து, ஆட்கள் மாதா சுரூபத்தைத் தூக்கிவந்து சப்பரத்தின் மேல் போட்டிருந்த பட்டுத் துணியை விலக்கினால், மாடத்தின் வாயில் குறுக்கே ஒரு பலகை! அப்பளம் கனத்தில் பிளைவுட், அழகாக நீலப் பெயின்ட் வேறு அடித்திருக்கிறது. மாதா வெளியே நிற்கிறார், உள்ளே போக வழியில்லை. வேலாயுதத்தைப் பிடித்தோம். “படத்துல மெல்லிசா கோடு இருந்துச்சுங்க, செஞ்சேன். எங்க கோயில்ல சாமிக்குத் திரை போடுவோம், உங்களுக்குப் பலகை போலன்னு நெனச்சேன். சாமி காரியத்துல நானா கை வைக்கலாமா?” என்று அந்த மனிதர் கும்பிட்டுக்கொண்டு கேட்கிறார். ஃபாதரே அங்கியை மடித்துக்கொண்டு முழங்கையால் இடித்தார். பலகை உடைந்த சத்தத்தில் பாட்டு நின்றுவிட்டது. “நான்தான்பா எங்கயோ அளவு தப்பா குடுத்துட்டேன்” என்று ஜோசபின் அழுதாள். அவள் அழுததை என்னால் பார்க்க முடியவில்லை மச்சான். உன் படத்தில் தப்பே இல்லை, தச்சன் செய்த வேலை இது என்று ஊர் முன்னால் சத்தம் போட்டேன்.

அந்தச் சூடு ஆறுவதற்குள் நார்வேயிலிருந்து கடிதம். ஹால்வர் என்று ஒருத்தன், அங்கே ஏதோ கப்பல் கட்டுகிற இடத்தில் இருக்கிறானாம். மேசையில் பிரித்துக் கிடந்தது, படித்தேன். பக்கம் பக்கமாகக் குற்றம்! இங்கே மெதுவாக ஓடுகிறது, அங்கே நின்றுவிடுகிறது, ஒன்றைக் குடைந்தால் சில நேரம் வாயில் மெல்லிய தோல் மிஞ்சுகிறது, எப்போது என்றுதான் பிடிபடவில்லை என்று எழுதியிருக்கிறான். வாங்கியது ஓசி, அதில் இத்தனை நொட்டையா? துறைமுகக் கிடங்கில் இங்கிலீஷில் கடிதம் எழுதியே ரிட்டையரானவன் நான், சும்மா இருப்பேனா? “ஐயா, நன்றி தெரியாதவரே” என்று தொடங்கி, என் மகள் தாயில்லாப் பெண், அவள் புரோகிராமில் தோலும் இல்லை முள்ளும் இல்லை, சந்தேகமிருந்தால் இதைப் பாரும் என்று சப்பரத்தின் படத்தையும் அளவுகளையும் கூடவே வைத்து, அன்றைக்கே ஏர்மெயிலில் போட்டுவிட்டேன். ராத்திரிச் சாப்பாட்டில் பெருமையாகச் சொன்னேன். அவள் கையிலிருந்த அகப்பை அப்படியே நின்றுவிட்டது. “அப்பா, டேப் வாங்கினவங்க எல்லாம் நல்லா இருக்குன்னு ஒரு வரி எழுதிட்டுப் போயிட்டாங்க. இவர் ஒருத்தர்தான் உக்காந்து முழுசா படிச்சவர். அவரையும் விரட்டிட்டீங்களே” என்றாள். அதுதான் கடைசிப் பேச்சு.

ஆகவே மச்சான், அப்பன் செய்தது தப்பா? குற்றம் சொல்கிறவன் எப்படி வேண்டியவன் ஆவான்? நீங்கள் அவளுடைய ஞானத்தகப்பனார், நீங்கள் சொன்னால் கேட்பாள். ஞாயிற்றுக்கிழமை கட்டாயம் வந்து, ஊரான் பேச்சுக்காக அப்பனை ஒதுக்காதே என்றும், டேப் அனுப்புகிற வேலையை இன்றோடு நிறுத்து என்றும் கண்டித்துச் சொல்லுங்கள். நான் எழுதியதாகக் காட்டிக்கொள்ள வேண்டாம். அக்காவுக்கு என் வணக்கம், பிள்ளைகளுக்கு முத்தம். புதுமை மாதா உங்கள் வீட்டு வாசலைக் காக்கட்டும், ஜொகூர் போகும் கோஸ்வே பாலத்து நெரிசலில் உங்கள் பஸ்ஸையும் சீக்கிரம் விடட்டும்.

இப்படிக்கு,
தங்கள் அன்பு மச்சான்,
சிலுவைராஜ்

பின்குறிப்பு: ஒட்டிய கவரைப் பிரித்து இதை எழுதுகிறேன், மேலே எழுதியதை நீங்கள் படிக்கவில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். இதை ஒட்டித் தபாலில் போடக் கீழே இறங்கினேன், எங்கள் வீட்டுத் தபால்பெட்டியில் நார்வே கடிதம், அதுவும் என் பெயருக்கு. ஹால்வர் அவர்கள் என்னிடம் முதலில் மன்னிப்புக் கேட்டிருக்கிறார். பிறகு, நான் அனுப்பிய படத்திலும் அந்தத் தோல் இருக்கிறதாம், அது எப்போது மிஞ்சும் என்று பல மாதமாக அவர் தேடியதற்கு அதில்தான் விடை கிடைத்தது என்கிறார். ஒட்டிய கவரைக் கையிலேயே வைத்துக்கொண்டு மேலே ஓடினேன். ஜோசபின் படித்தாள், இன்னொரு முறை படித்தாள், சிரிக்கத் தொடங்கிவிட்டாள். “அளவு தப்பில்லப்பா! குடையுற துண்டும் பெட்டியும் ஒரே மட்டத்துல ஒட்டி நின்னா எது உள்ள எது வெளியன்னு புரோகிராமுக்குத் தெரியல. அதான் மாடத்து வாயில தோல் மிஞ்சி, தச்சருக்குப் பலகை மாதிரி தெரிஞ்சிருக்கு. அவர் திருத்தியே அனுப்பிட்டாரு லா!” என்றாள். என்னிடம்தான் சொன்னாள் மச்சான், என் முகத்தைப் பார்த்து! அதிலிருந்து பேச்சு ஓயவில்லை, ரேடியோவை நிறுத்தி வைத்திருக்கிறேன். அடுத்த டேப்புகளுக்கு நான்தான் அட்டைப்பெட்டி கட்டுகிறேன். வேலாயுதத்திடமும் போய்ச் சமாதானம் பேசிவிட்டு வந்தேன். புரோகிராமைத் திறந்ததும் உதவியவர்கள் பெயர் வருமாம், அதில் ஹால்வருக்கு அடுத்து, “தோல் மிஞ்சும் தப்பைக் காட்டிக்கொடுத்தவர்: சிலுவைராஜ், சிங்கப்பூர்” என்று போட்டிருக்கிறாள். கானடாவிலும் ஆஸ்திரேலியாவிலும் பார்ப்பார்கள். ஞாயிற்றுக்கிழமை வாருங்கள், கண்டிக்க வேண்டாம், என் பெயரைப் பார்த்துவிட்டுச் சாப்பிட்டுப் போனால் போதும். தப்பே இல்லை என்று நான் சண்டை போட்டு எழுதியதை மட்டும் கோயிலில் யாரிடமும் சொல்லிவிடாதீர்கள்.