காக்கை மட்டும் நடித்த படம்

‘எனக்குத் தெரியாது’ என்று சொல்ல எனக்கு இருபத்தாறு வயது வரை தெரியாது. அதன் பலனை ஆம்பூரில் தோல் பதனிடும் டேனரி ஒன்றில் அனுபவித்தேன்.

பேசாப்படக் காலம் அது. நாலு நாடகம் எழுதிய தைரியத்தில், சினிமாவுக்கும் கதை எழுதுவேன் என்று வேலூர் முழுக்கச் சொல்லி வைத்திருந்தேன். டேனரி முதலாளி சாயபு ஆளனுப்பினார்.

"தோல் வேலை மொத்தமும் படமா புடிக்கணும் தம்பி. சீமை வியாபாரிங்களுக்குக் காட்டணும். இது நல்லா வந்தா அடுத்து உன் கதைய எடுக்கலாம். கேமரா வேலையெல்லாம் தெரியுமில்ல?"

"அத்துப்படி பாய்" என்றேன். (கேமராவை நான் தொட்டதுகூட இல்லை.)

டென்ட் கொட்டகையில் ஆட்கள் ஓடுவதைப் பார்த்தவன்தான் நான். ஆனால் அவர்களை ஓட வைப்பது கைப்பிடி சுற்றும் கேமரா மெஷின்தான் என்று மனதார நம்பியிருந்தேன். ஆட்கள் ஆடாமல் நின்றால் போதும், மீதியை அது பார்த்துக்கொள்ளும். போட்டோ ஸ்டூடியோவில் கல்யாணப் படம் எடுத்துக்கொண்டபோது நான் கற்ற பாடம் அது.

படம் பிடிக்கும் நாளில் தொழிலாளிகள் தலைக்கு எண்ணெய் வைத்து, வெளுத்த வேட்டி கட்டி வந்தார்கள். தோல் ஊறும் சுண்ணாம்புக் குழி ஓரமாக வரிசையில் நிறுத்தினேன்.

"சார், கண்ணு சிமிட்டலாமா?" என்றார் மேஸ்திரி.

"கூடவே கூடாது. படம் கெட்டுடும்."

கைப்பிடி சுற்ற சாயபு வரவழைத்திருந்த கேமராக்காரர் ஜெர்மானியர். கையை ஆட்டி ஆட்டி ஏதோ கத்தினார். எனக்கு அவர் பாஷை தெரியாது. (தெரியும் என்று சாயபுவிடம் சொல்லியிருந்தேன்.) "இன்னும் விறைப்பா நிக்கச் சொல்றாரு" என்றேன். அவர் தலையில் அடித்துக்கொண்டு கைப்பிடியைச் சுற்றினார்.

மறுமாதம் கொட்டகையில் படம். சாயபுவின் சொந்தபந்தம், தொழிலாளிகள் குடும்பம் எல்லாம் வந்திருந்தது. என் புது மனைவியையும் பெண்கள் பக்கம் உட்கார வைத்திருந்தேன். திரையில் நாற்பது பேர் நின்றார்கள். நின்றார்கள். நின்றுகொண்டே இருந்தார்கள். திடீரென்று ஒரு காக்கை வந்து குழி ஓரம் தத்தி, தோல் சவ்வு ஒன்றைக் கொத்தி, மேஸ்திரியைத் தலை சாய்த்துப் பார்த்துவிட்டுப் பறந்தது. கொட்டகையே கைதட்டியது.

சாயபு மெதுவாகத் திரும்பினார்.

"அந்தக் காக்காய்க்கு நீ ஒண்ணும் சொல்லிக் குடுக்கலியே?"

"இல்ல பாய்."

"அதான் நல்லா நடிச்சிருக்குது."

என் கதையைப் பற்றி அவர் அப்புறம் பேசவே இல்லை. வீட்டுக்கு வந்து அழுதேன். மறுநாள் அந்த ஜெர்மானியரைத் தேடிப் போய், தெரிந்த அரைகுறை இங்கிலீஷில், "எனக்கு ஒன்றும் தெரியாது" என்றேன். தொழில் அங்கேதான் ஆரம்பித்தது. பிறகு நிஜப் படங்களும் கதைப் படங்களுமாக எத்தனையோ எழுதிவிட்டேன். எல்லாவற்றிலும் என் முதல் வரி ஒன்றுதான்: ‘ஆட்கள் நகர்கிறார்கள்.’

எங்கள் வீட்டில் தினமும் முதல் கவளம் காக்கைக்கு. வைத்துவிட்டு உள்ளே வந்து, பிள்ளைகள் முன்னாலேயே என் மனைவி இன்றும் சொல்வாள்:

"ஹீரோ சாப்ட்டாச்சு. கதை எழுதுனவரு வரலாம்."